ஒற்றைக் கொம்பு

செவ்வாய் விமானத்தில் வரும் வார இதழ்கள்
உச்சிக்குள் ஷுவைக் கிடங்கில் பிரிபடும்.
எட்டுப் பேர், ஒரு நீள மேசை,
ஆளுக்கு இரண்டு கறுப்பு மார்க்கர்.
தொப்புள், தோள், சோப்பு விளம்பரத்து முதுகு, பீர் புட்டி.
ராசிபலன் பக்கத்தை முழுதாகக் கிழிக்க வேண்டும்
(கிழிக்கும் முன் மேஷக்காரர்களுக்கு மட்டும் படித்துச் சொல்வேன்).
நடிகைகளுக்கு முழுக்கை ரவிக்கை தைப்பதில்
குஞ்ஞாலியை அடிக்க ஆளில்லை.
இரவில் முகாமுக்கு அதே இதழ் போய்ச் சேரும்.
பையன்கள் டியூப்லைட்டுக்கு நேரே பக்கத்தைப் பிடித்து
மசிக்குப் பின்னால் இருப்பதைத் தேடுவார்கள்.
சில சமயம் கிடைக்கும்.

படம் எவனுக்கும் புரியும். எழுத்து?
ரிஃப்அத் ஒருநாள் கணக்கு நோட்டு ஒன்றைத் தள்ளினார்:
"உன் பாஷையில் கூடாத சொற்கள் எல்லாம்.
இந்தப் பக்கம் சொல், அந்தப் பக்கம் அர்த்தம்.
சனிக்குள் வேண்டும்."

தெருச் சண்டையிலும் என் வாயில் வராதவற்றை
கோடு போட்ட தாளில், நல்ல கையெழுத்தில்,
எண் போட்டு எழுதினேன்.
பதினெட்டில் கை நின்றது.
பத்தாம் வகுப்பு இலக்கணம் கைகொடுத்தது:
இடக்கரடக்கல்.
'கால் கழுவி வந்தான்' என்று எழுதினேன்.
"கால் கழுவுவதை எதற்குத் தடுக்க வேண்டும்?
நாங்கள் ஐந்து வேளை கழுவுகிறோமே?"
விளக்கினேன். ரிஃப்அத் கண்ணில் நீர் வரச் சிரித்தார்.
பிறகு முத்திரை குத்தினார்.
அன்றிலிருந்து குவைத்துக்கு வந்த தமிழ்க் கதைகளில்
எவரும் கால் கழுவவில்லை.

நோட்டு இருநூற்றுப் பன்னிரண்டு வரை போனது.
எந்த இதழும் அச்சிடத் துணியாதவை
அதில் மட்டும் பொருளோடு இருந்தன.
அந்த ஊரிலேயே ஆபாசமான புத்தகம் அதுதான்.
இரும்பு அலமாரியில் வைத்துப் பூட்டினார்கள்.
சாவி என்னிடம்.

ஜூலையில்,
என் மேல்கட்டில் கூரிச்சாமி, கம்பி கட்டுபவர், கமுதிப் பக்கம்,
சாரத்தில் தண்ணீர் குடிக்க உட்கார்ந்தவர்
எழுந்திருக்கவில்லை.
வீட்டுக்குத் தமிழில் எழுத வேண்டுமென்று
கம்பெனி என்னைக் கேட்டு வாங்கியது.
'வெயிலில்' என்று தொடங்கினேன்.
வாசித்து அரபியில் சொல்லச் சொன்னார்கள். சொன்னேன்.
மேலாளர் கோபப்படவில்லை. பேனா மூடியால் மேசையைத் தட்டினார்.
"அந்தச் சொல் வேண்டாம். இதயம் என்று போடு."

மறுநாள் அலமாரியைத் திறந்து பார்த்தேன்.
நோட்டில் வெயில் இல்லை.
வகர வரிசையில் வேறு என்னென்னவோ இருந்தன.

எரிகிற விளக்கைக் குளிர வைக்கும் மொழி நம்முடையது.
அணைப்பது என்று சொல்லமாட்டோம்.
ஆகவே 'இதயம் நின்று இறைவனடி சேர்ந்தார்' என்று எழுதினேன்.
அதோடு விட்டிருக்கலாம்.
பழகிய கை, கீழே
'மற்றபடி இங்கு அனைவரும் நலம்' என்று சேர்த்துவிட்டது.
மார்க்கர் சட்டைப்பையில்தான் இருந்தது.
எடுக்கவில்லை. ஒட்டிக் கொடுத்துவிட்டேன்.

நாற்பது நாள் கழித்துப் பூமயிலின் பதில்,
என் பெயருக்கே.
பெட்டி வந்தது. முகத்தைத் திறந்து காட்டவில்லை.
கைக்கடிகாரம் மட்டும் காணோம், விசாரிக்கவும்.
அதற்கு அடுத்த வரியை எழுதி
அவளே அடித்திருந்தாள்.
குறுக்கே, நெடுக்கே, மறுபடி குறுக்கே,
தாள் பின்பக்கம் புடைக்கும் வரை.

டியூப்லைட்டுக்கு நேரே பிடித்தேன்.
சாய்த்தேன். திருப்பினேன்.
பதினோரு வருடம் இதே தொழில் எனக்கு,
இப்படி ஒரு அடித்தலை மேசையில் யாரிடமும் கண்டதில்லை.
ஓரத்தில் ஒரே ஒரு கொம்பு மட்டும்
மசிக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது.

கொம்புக்குப் பின்
எந்த எழுத்தும் வரலாம்.
மேல்கட்டிலுக்குப் புதிதாக வந்தவன்
விளக்கை நிறுத்தச் சொன்னான்.